காலத்தைத் தொடும் மடம்: கதைக்குள் ஒரு துறவியர் கூட்டத்தைக் கட்டுவது எப்படி

காலத்தை நிறுத்தும் துறவி ஒருவர் கதைக்குள் வந்ததும், கதை அங்கேயே நின்றுபோவதைப் புதிதாக எழுத வருபவர்களின் பிரதிகளில் அடிக்கடி பார்க்கிறேன். என் முதல் கதையிலும் அதுதான் நடந்தது. பெரியவர் கையை உயர்த்துகிறார், மழைத்துளிகள் அந்தரத்தில் நிற்கின்றன, எதிரியின் வாள் பாதி வழியில் உறைகிறது. படிப்பவருக்கு ஒரு பக்கம் வரை வியப்பு. அடுத்த பக்கத்திலேயே ஒரு கேள்வி எழுந்துவிடும்: இவரால் இது முடியும் என்றால் இவருக்கு எதில்தான் ஆபத்து? அதற்குப் பதில் இல்லாவிட்டால் கதையில் மீதி எதுவும் நிற்காது.

இந்தக் கேள்வியோடு பல வருடம் மல்லுக்கட்டியபின் எனக்குக் கிடைத்த வழி இது. பொழுதை மாற்றுகிறவர்களை எழுதும் முன், பொழுதை அளக்கிறவர்களை எழுதுங்கள். ஒரு கூட்டம் தலைமுறை தலைமுறையாக உட்கார்ந்து காலத்தை எண்ணியிருந்தால்தான், அதை ஒருநாள் அவர்கள் கொஞ்சம் வளைத்தார்கள் என்று சொன்னால் மனம் நம்பும்.

தமிழில் இதற்கு விதை மிகப் பழையது. முல்லைப்பாட்டில் ஒரு பாசறை வருகிறது. நள்ளிரவில், தூக்கமில்லாத அரசனிடம் சிலர் வந்து தொழுது, இத்தனை நாழிகை ஆயிற்று என்று சொல்லிவிட்டுப் போகிறார்கள். குறுநீர்க் கன்னல் என்ற கருவியில் நீரைப் பார்த்து நேரம் கணித்தவர்கள். அவர்களுக்குப் புலவர் தரும் பெயர் ‘பொழுது அளந்து அறியும் பொய்யா மாக்கள்’. பொய் சொல்லாதவர்கள் என்ற அடைமொழியை அரசனுக்கோ வீரனுக்கோ கொடுக்காமல் நேரம் சொல்கிறவனுக்குக் கொடுத்திருக்கிறார். ஏன் என்று யோசித்துப் பாருங்கள். ஊரே தூங்கும்போது அவன் ஒருவன்தான் விழித்திருக்கிறான். அவன் சொன்னதுதான் நேரம். சரிபார்க்க வேறு ஆள் கிடையாது.

இந்தக் கட்டுரை முழுவதும் உதாரணத்துக்காக ஒரு கூட்டத்தைக் கட்டிக்கொண்டே போகப்போகிறேன். அவர்களைக் கன்னலார் என்று அழைப்போம். கற்பனைக் கூட்டம்தான். நீங்கள் உங்களுடையதைக் கட்டுங்கள், இதை அப்படியே எடுத்துக்கொள்ள வேண்டாம்.

முதலில் ஒரு கிண்ணம்

எழுத உட்காரும் முன் ஒரு வேலை செய்யுங்கள். பழைய அலுமினியக் கிண்ணம் ஒன்றை எடுத்து, அடியில் மெல்லிய ஆணியால் ஒரு துளை போடுங்கள். பிளாஸ்டிக் வேண்டாம், நிரம்பினாலும் பெரும்பாலும் மிதந்துகொண்டுதான் இருக்கும். வாளியில் தண்ணீர் ஊற்றி அதன் மேல் கிண்ணத்தை மெதுவாக விடுங்கள். துளை வழியாக நீர் ஏறும், கிண்ணம் கனக்கும், ஒரு கட்டத்தில் சட்டென்று உள்ளே போய்விடும். நாழிகை வட்டில் என்பது இதே தத்துவம்தான். ஒருமுறை மூழ்கினால் ஒரு நாழிகை, அதாவது 24 நிமிடம். அப்படி அறுபது முறை மூழ்கினால் ஒரு நாள்.

உங்கள் கிண்ணம் முதல் முயற்சியில் நான்கு நிமிடத்தில் மூழ்கலாம், பதினைந்தில் மூழ்கலாம். அது முக்கியமில்லை. அதன் பக்கத்தில் போன் இல்லாமல் உட்காருங்கள். மூன்று முறை மூழ்கும்வரை எழுந்திருக்கக் கூடாது. முதல் முறை வேடிக்கையாக இருக்கும். இரண்டாம் முறை முதுகு வலிக்கும், மனம் எங்கெங்கோ போகும். மூன்றாம் முறை, மூழ்கப் போகும் அந்தக் கடைசி நொடிகளில் விளிம்பைச் சுற்றி நீர் ஒரு மெல்லிய தோல்போல வளைந்து நிற்பதைக் கவனிப்பீர்கள். ‘இன்னும் இல்லை, இன்னும் இல்லை’ என்று மூச்சைப் பிடித்துக்கொண்டிருப்பீர்கள். உங்கள் மடத்தின் அனுபவம் மொத்தமும் அங்கேதான் இருக்கிறது. நான் எழுதியவற்றில் எனக்கே பிடித்த பக்கங்கள் அந்த வாளியின் பக்கத்தில் உட்கார்ந்தபோது கிடைத்தவை.

இன்னொன்றையும் செய்து பாருங்கள். ஒருமுறை சாதாரணத் தண்ணீரிலும், ஒருமுறை ஃபிரிட்ஜில் வைத்து நன்றாகக் குளிர்ந்த தண்ணீரிலும் விடுங்கள். குளிர்ந்த நீரின் பாகுத்தன்மை அதிகம். 30 டிகிரியில் இருக்கும் நீர் 15 டிகிரிக்கு வந்தால் அது சுமார் நாற்பது சதவீதம் கூடிவிடுகிறது. துளை சிறியதாக இருந்தால் கிண்ணம் தாமதமாக மூழ்குவதைக் கடிகாரத்திலேயே பார்க்கலாம். அப்படியானால் மார்கழி விடியற்காலையில் மலை மேல் இருக்கும் ஒரு மடத்தின் நாழிகை, சித்திரை நண்பகலின் நாழிகையைவிட நீளம். இயற்பியலுக்கு அது கருவியின் பிழை. கன்னலாருக்கு? ‘குளிர்காலத்தில் பொழுதே தடித்துவிடுகிறது’ என்று அவர்கள் நம்பலாம். அந்தத் தடித்த பொழுதைக் கையால் தொட முடியும் என்று ஒரு மூத்தவர் கண்டுபிடித்திருக்கலாம். மாயம் எங்கே தொடங்க வேண்டும் என்று கேட்டால், கருவியின் பிழைக்குள் தொடங்கட்டும் என்பேன். வானத்திலிருந்து விழுந்த வரத்தைவிட இது ஆயிரம் மடங்கு உறுதியான அடித்தளம்.

ஒரே ஒரு வினைச்சொல்

இப்போது அவர்களால் என்ன செய்ய முடியும் என்று முடிவு செய்யுங்கள். ஒரு வினைச்சொல் மட்டும். நிறுத்துவார்களா, நீட்டுவார்களா, மடிப்பார்களா, திருப்புவார்களா, கடன் வாங்குவார்களா? எல்லாவற்றையும் செய்வார்கள் என்றால் அவர்கள் யாரென்றே படிப்பவருக்குப் பிடிபடாது.

நம் புராணங்களே இதில் நல்ல ஆசிரியர்கள். பாகவதத்தில் ககுத்மி என்ற அரசன் தன் மகள் ரேவதிக்கு வரன் கேட்கப் பிரம்மலோகம் போகிறான். அங்கே ஒரு பாட்டு முடியும்வரை காத்திருக்கிறான், அவ்வளவுதான். கீழே அதற்குள் இருபத்தேழு சதுர்யுகங்கள் போய்விட்டன. அவன் மனதில் வைத்திருந்த மாப்பிள்ளைகள், அவர்களின் பேரன்கள், குலங்கள், யாருமே இல்லை. அங்கே நடந்தது ஒரே ஒரு விஷயம்: மேலே பொழுது மெதுவாக ஓடுகிறது. அந்த ஒன்றே கதையைத் தாங்குகிறது, ஒரு தகப்பனின் வயிற்றைக் கலக்குகிறது.

கன்னலாருக்கு நான் கொடுத்த வினை ‘நீட்டுவது’. வட்டில் இருக்கும் அறைக்குள் ஒருவரைப் படுக்கவைத்தால், அவர் உடம்பில் ஒரு நாழிகை ஓடுவதற்குள் வெளியே பத்து நாழிகை ஓடிவிடும். பாம்பு கடித்தவனை நான்கு பேர் கட்டிலோடு தூக்கிக்கொண்டு மலையேறி வருகிறார்கள். மருத்துவர் இருப்பது அடுத்த பள்ளத்தாக்கில். அவர் வந்து சேரும்வரை விஷம் இதயத்தை எட்டக் கூடாது. அவ்வளவுதான் இவர்களால் முடியும். குணப்படுத்த முடியாது, பின்னோக்கிப் போக முடியாது, போர்க்களத்தில் ஒரு பிரயோஜனமும் இல்லை.

எல்லையை எண்ணிக்கையில் எழுதிவையுங்கள். எத்தனை நாழிகை, எத்தனை பேருக்கு, எவ்வளவு தூரத்துக்குள். ‘சிறிது நேரம்’ என்று எழுதினால், அடுத்த அத்தியாயத்தில் கதைக்கு வசதியாக அந்தச் சிறிது நேரம் நீண்டுவிடும். உங்களை அறியாமலேயே ஏமாற்றத் தொடங்கிவிடுவீர்கள்.

விலையைக் கணக்குப் போட்டுப் பாருங்கள்

இதுதான் பெரும்பாலான புதியவர்கள் சறுக்கும் இடம். விலை இருக்க வேண்டும் என்று எல்லோருக்கும் தெரியும். ‘அவருடைய ஆயுள் குறையும்’ என்று எழுதிவிட்டு நகர்ந்துவிடுகிறார்கள். எவ்வளவு குறையும் என்று காகிதத்தில் போட்டுப் பார்ப்பதில்லை.

நான் போட்டுப் பார்த்தேன். யோக மரபில் மனிதனுக்கு ஒரு நாளைக்கு 21,600 மூச்சு என்று ஒரு கணக்கு உண்டு. அறுபது நாழிகைக்குப் பிரித்தால் நாழிகைக்கு 360 மூச்சு. ஆயுள் என்பது வருடங்களின் எண்ணிக்கை அல்ல, மூச்சுகளின் எண்ணிக்கை என்ற நம்பிக்கையும் அதோடு சேர்ந்தே வருகிறது. காற்றைப் பிடிக்கும் கணக்கை அறிந்தவர் கூற்றுவனை உதைப்பார் என்று திருமூலர் சொல்வதன் பின்னணியில் இருப்பது இந்த எண்ணம்தான். சரி, அப்படியானால் கன்னலார் ஒரு நோயாளிக்குப் பொழுதை நீட்டும்போது, உள்ளே ஒன்று, வெளியே பத்து, இடையிலுள்ள ஒன்பது நாழிகையை எண்ணுகிறவர் தன் ஆயுளிலிருந்து கொடுக்கிறார் என்று வைத்தேன். ஒன்பது நாழிகை என்றால் 3,240 மூச்சு. கேட்கப் பெரிதாக இருக்கிறது.

இப்போது அவர் வாரம் ஒருவரைக் காப்பாற்றுகிறார், நாற்பது வருடம் தொடர்ந்து செய்கிறார் என்று வையுங்கள். 2,080 பேர். மொத்தம் 18,720 நாழிகை. அறுபதால் வகுத்தால் 312 நாள். இரண்டாயிரம் உயிர்களுக்கு ஈடாக ஒரு வருடம்கூடப் போகவில்லை! இதைவிட மலிவான பேரம் உலகத்தில் கிடையாது. யாரும் தயங்க மாட்டார்கள், அதனால் கதையும் இல்லை.

எண்ணைக் கூட்டிவிடலாம்தான், ஒன்பதுக்குப் பதில் தொண்ணூறு என்று. ஆனால் எனக்கு அது திருப்தி தரவில்லை. நாணயத்தையே மாற்றினேன். அவர் கொடுப்பது இனி வாழப்போகும் ஒன்பது நாழிகையை அல்ல, ஏற்கெனவே வாழ்ந்த ஒன்பது நாழிகையை. மூன்று மணி 36 நிமிட நினைவு அழிந்துவிடும். எந்த மூன்றரை மணி நேரம் என்று அவர் தேர்ந்தெடுக்க முடியாது. ஒருநாள் போவது ஏதோ ஒரு பேருந்துப் பயணம். இன்னொரு நாள் போவது தங்கை பிறந்த காலை. எது போனது என்றுகூட அவருக்குத் தெரியாது, அதை நினைவில் வைத்திருக்கும் வேறு யாராவது சொன்னால்தான் உண்டு. இப்போது அந்த 312 நாளைத் திரும்பப் பாருங்கள். அதே எண்தான், ஆனால் அந்த முதியவர் தன் தாயின் முகத்தைத் தேடிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார்.

உங்கள் கூட்டத்துக்கும் இப்படியே செய்யுங்கள். முதலில் ஒரு விலை வையுங்கள், ஒரு முழு வாழ்நாளுக்குப் பெருக்குங்கள், வரும் விடை வலிக்கிறதா என்று பாருங்கள். வலிக்காவிட்டால் எண்ணை மட்டும் மாற்றாதீர்கள், பொருளை மாற்றிப் பாருங்கள்.

மடத்தில் யார் சமைக்கிறார்கள்?

மாயம் முடிந்தது. அப்புறம் மடம். ஒரு நாளில் எட்டு சாமம், சாமத்துக்கு ஏழரை நாழிகை, நம் கணக்கில் மூன்று மணி நேரம். வட்டிலை விட்டு ஒரு கணமும் கண்ணை எடுக்கக் கூடாது என்றால் ஒரு நாளைக்கு எட்டுப் பேர் வேண்டும். காய்ச்சல் வந்தால் மாற்று ஆள் இருவர். சமைக்க, தண்ணீர் சுமக்க, புதியவர்களுக்குச் சொல்லித்தர, கீழே ஊருக்குப் போய் அரிசி வாங்கிவர ஆட்கள். குறைந்தது பதினைந்து பேர் இல்லாமல் இந்த மடம் ஒரு வாரம்கூட ஓடாது. இந்த எண் தெரிந்த உடனே உங்களுக்குப் பாத்திரங்கள் கிடைத்துவிடுவார்கள். அர்த்தசாமத்தில் உட்காருகிறவரும் அதிகாலையில் உட்காருகிறவரும் ஒருவரையொருவர் பகலில் பார்ப்பதே இல்லை. இருபது வருடம் ஒரே கூரையின் கீழ், பேசியதெல்லாம் பொறுப்பு மாற்றும்போது சொல்லும் எண் மட்டும்.

உண்மையில் இருந்த கூட்டங்களைப் படிப்பது இந்த இடத்தில் நிறைய உதவும். ஐரோப்பாவில் 6ஆம் நூற்றாண்டில் பெனடிக்ட் வகுத்த ஒழுங்கின்படி வாழ்ந்த துறவிகள் பகலில் ஏழு முறையும் இரவில் ஒரு முறையும் கூடிப் பிரார்த்தனை செய்தார்கள். இரவில் எல்லோரையும் எழுப்பும் பொறுப்பு ஒருவருக்கு இருந்தாக வேண்டும், அவர் தூங்கிவிட்டால் மடத்தின் நாளே குலைந்துவிடும். அதே நூற்றாண்டில் தூர் நகர ஆயர் கிரெகோரி, இரவுப் பிரார்த்தனைக்கு எழ வேண்டிய நேரத்தை நட்சத்திரங்களைப் பார்த்து அறிவது எப்படி என்று ஒரு கையேடே எழுதினார். மேகம் மூடிய இரவுகளில் அந்த ஆள் என்ன பாடுபட்டிருப்பார்! நம் பெரிய கோயில்களின் ஆறு காலப் பூசைக்குப் பின்னாலும் இப்படி நேரம் பார்த்த மனிதர்கள் இருந்திருக்க வேண்டும்.

சீனாவிலும் ஜப்பானிலும் தூபத்தை எரித்து நேரம் பார்த்தார்கள். சில கருவிகளில் நேரத்துக்கு நேரம் வெவ்வேறு வாசனைப் பொடி வைத்திருப்பார்கள், வாசனை மாறினால் பொழுது மாறியது என்று பொருள். கண் தெரியாத ஒரு துறவி உங்கள் மடத்தில் இருந்தால் அவருக்கு இதைக் கொடுக்கலாம். சீனாவின் காய்ஃபெங் நகரில் சூ சோங் என்பவர் 1088இல் கட்டிய நீர்க்கடிகார கோபுரம் ஏறக்குறைய பன்னிரண்டு மீட்டர் உயரம். மரப்பொம்மைகள் வெளியே வந்து மணியடித்தும் பறையடித்தும் நேரம் சொல்லும். 1127இல் நகரைப் பிடித்த படையினர் அதைப் பிரித்து எடுத்துப் போனார்கள். ஒரு பேரரசு இன்னொன்றை வென்றதும் அதன் கடிகாரத்தைத் தூக்கிக்கொண்டு போயிருக்கிறது. உங்கள் மடத்தை யாராவது தாக்கினால், அவர்கள் முதலில் எதை எடுப்பார்கள் என்பது இதிலேயே இருக்கிறது.

ஒரு வேண்டுகோள். மக்கள் இன்றும் கும்பிடும் சித்தர்களை உங்கள் மடத்தின் தலைவராக ஆக்காதீர்கள். திருமூலர் ஆண்டுக்கு ஒரு பாடலாக மூவாயிரம் ஆண்டு எழுதினார் என்ற ஐதீகத்தை உங்கள் பாத்திரங்கள் பேசிக்கொள்ளட்டும், வியக்கட்டும். அவரை வரவழைத்து வசனம் பேசவைக்க வேண்டாம். நம்புகிறவர்களுக்கு வலிக்கும் என்பது ஒன்று. அவ்வளவு பெரிய ஆளுமை வந்தால் நீங்கள் கட்டிய சின்ன மடம் நசுங்கிவிடும் என்பது இன்னொன்று.

மாத்திரை என்ற பொக்கிஷம்

இந்தப் பகுதிக்காகத்தான் இந்தக் கட்டுரையையே எழுதத் தொடங்கினேன்.

காலத்தைக் கையாளும் கூட்டத்துக்கு மந்திரம் வேண்டும் என்று வந்ததும் நம்மவர்கள் புரியாத சமஸ்கிருத ஒலிகளை அடுக்குகிறார்கள், அல்லது ஆங்கிலப் படத்திலிருந்து கலைச்சொல்லை மொழிபெயர்க்கிறார்கள். ஆனால் பள்ளியில் நாம் மனப்பாடம் செய்து மறந்த தமிழ் இலக்கணமே காலத்தை அளக்கும் கலை. எழுத்துக்கு அளவு மாத்திரை. கண் ஒருமுறை இமைக்கும் நேரம், விரல் ஒருமுறை நொடிக்கும் நேரம், அதுவே ஒரு மாத்திரை என்று தொல்காப்பியம் சொல்கிறது. குறிலுக்கு ஒன்று, நெடிலுக்கு இரண்டு, மெய்க்கு அரை. ஒரு சொல்லைச் சொல்வது என்றாலே ஒரு குறிப்பிட்ட அளவு காலத்தைச் செலவழிப்பதுதான்.

அதோடு நிற்கவில்லை. அளபெடை இருக்கிறது. இரண்டு மாத்திரை நெடில் தன் அளவில் நீண்டு மூன்றாகிறது: ‘தொழாஅள்’. நீட்டுவதற்கான இலக்கணம் இது! சுருக்குவதற்கும் இருக்கிறது. குற்றியலுகரத்தில் ஒரு மாத்திரை உகரம் அரையாகக் குறைகிறது. மகரக்குறுக்கத்தில் அரை மாத்திரை மகரம் கால் மாத்திரையாகிறது. கால் மாத்திரை, அதாவது கண்ணிமைப்பின் நாலில் ஒரு பங்கு. அந்த அளவு நுணுக்கமாகக் காலத்தை வெட்டிப் பார்த்தவர்களின் மொழியில் நாம் எழுதிக்கொண்டிருக்கிறோம்.

கன்னலாரின் பயிற்சியை இதிலேயே கட்டினேன். புதிதாக வந்த சிறுவனுக்கு முதல் மூன்று வருடம் வட்டிலைத் தொட அனுமதி இல்லை. அவன் எண்களைச் சொல்லிப் பழக வேண்டும், ஒவ்வோர் எழுத்தும் தன் மாத்திரையைவிட இம்மியும் கூடாமல் குறையாமல். அவன் உச்சரிப்பு வட்டிலோடு ஒத்துப்போகும் நாளில்தான் அவனுக்கு அளபெடை சொல்லித்தரப்படும். பொழுதை நீட்டும்போது அவர்கள் உரக்கச் சொல்வது ஏதோ ரகசிய மந்திரம் அல்ல, சாதாரண எண்ணிக்கைதான், ஆனால் ஒவ்வொரு நெடிலும் அளபெடுத்து. கேட்பவருக்கு அது ஒப்பாரிபோலவும் இருக்கும், தூரத்தில் போகும் ஒருவரைக் கூவி அழைப்பதுபோலவும் இருக்கும். நாம் யாரையாவது போகவிடாமல் கூப்பிடும்போது இயல்பாகவே உயிரை நீட்டித்தானே கூப்பிடுகிறோம்.

‘கால்’ என்ற சொல்லையும் விட்டுவிடாதீர்கள். காற்று, மூச்சு, பாதம், நாலில் ஒரு பங்கு என்று அதற்குப் பல பொருள். காலம் இருக்கிறது, காலன் என்று எமனுக்குப் பெயர் இருக்கிறது. வேர்ச்சொல் ஆராய்ச்சிக்குள் போக வேண்டாம், உங்கள் பாத்திரங்கள் அந்த ஒலி ஒற்றுமையை நம்பினால் போதும். ‘காலத்தைத் தொடுகிறவன் காலனைத் தொடுகிறான்’ என்று மடத்தில் ஒரு கிழவர் சொன்னால், தமிழ் வாசகனுக்கு விளக்கமே தேவைப்படாது.

குளிகை, ஒன்பது நிமிடம்

கதை முடிச்சுக்கு இரண்டு இடங்களைக் காட்டுகிறேன், சுருக்கமாக.

நாள்காட்டியில் இராகு காலம், எமகண்டத்துக்குப் பக்கத்தில் குளிகை என்று ஒன்று போட்டிருக்கும். குளிகையில் செய்தது திரும்பத் திரும்ப நடக்கும் என்பது நம்பிக்கை. அதனால்தான் நகை வாங்குவார்கள், கடனை அடைப்பார்கள், ஆனால் பிணத்தை எடுக்க மாட்டார்கள். பகல் பொழுதை எட்டாகப் பிரித்ததில் ஒரு பங்கு அது, சனிக்கிழமை என்றால் விடிந்ததும் முதல் பங்கு. ஒரே நாள் மீண்டும் மீண்டும் நிகழும் கதைகளை வெளிநாட்டிலிருந்து கடன் வாங்க வேண்டியதில்லை. ஒரு வீட்டில், குளிகை முடியும்வரை காத்திருக்காமல் யாரோ அவசரப்பட்டுப் பாடையைத் தூக்கிவிட்டார்கள் என்று தொடங்கினால் போதும். அதைத் தடுத்திருக்க வேண்டிய கன்னலார் ஒருவர் அன்று நேரத்தைத் தவறாகச் சொன்னார் என்றால் உங்கள் மடமும் அந்த வீடும் கட்டுண்டுவிடும்.

இன்னொன்று வரலாறு. சென்னையில் 1792இல் ஒரு வானாய்வு நிலையம் அமைந்தது. அங்கே கணித்த மதராஸ் நேரம் கிரீன்விச்சைவிட ஐந்து மணி 21 நிமிடம் முன்னால். 1906இல் இந்தியாவுக்கு ஒரே நேரம் வந்தபோது அது ஐந்தரை மணி ஆனது. அந்த மாற்றத்தில் சென்னைக் கடிகாரங்கள் ஏறக்குறைய ஒன்பது நிமிடம் முன்னால் தள்ளிவைக்கப்பட்டன. அந்த ஒன்பது நிமிடம் எங்கே போனது? பொழுது அளக்கும் ஒரு கூட்டத்தைக் கேட்டால், யாரோ எடுத்து எங்கோ வைத்திருக்கிறார்கள் என்றுதான் சொல்லும். ஐரோப்பாவில் இதைவிடப் பெரிய ஓட்டை உண்டு: 1582 அக்டோபரிலேயே புதிய நாள்காட்டியை ஏற்ற நாடுகளில் அக்டோபர் 4க்கு அடுத்த நாள் அக்டோபர் 15. ஜப்பானில் கோடைக்கும் குளிருக்கும் ஏற்ப நீண்டு சுருங்கிய பழைய மணி முறையை 1873 தொடக்கத்தில் கைவிட்டார்கள். பழைய முறைக்காகச் செய்த கடிகாரங்கள் எல்லாம் ஒரே நாளில் பொய் சொல்லத் தொடங்கின. அறுபது ஆண்டுச் சுழற்சியும் இருக்கிறது: 1987இல் வந்த பிரபவ 2047இல் திரும்பும். இவற்றில் ஒன்றை மட்டும் எடுங்கள். நான்கையும் ஒரே கதையில் திணித்தால் தகவல் களஞ்சியம் ஆகிவிடும்.

யார் பொய் சொல்கிறார்?

இனி மோதல். வெளியிலிருந்து ஒரு வில்லன் படையோடு வருவதுதான் முதலில் தோன்றும். வரட்டும், ஆனால் அவனை இரண்டாவதாக வையுங்கள். பொய்யா மாக்கள் என்று பெயர் எடுத்த கூட்டத்தை உடைக்க அவர்களில் ஒருவர் சொல்லும் ஒரு பொய் போதும். அந்தப் பொய் அன்பிலிருந்து வந்தால் இன்னும் நல்லது.

கன்னலாரில் அந்த ஆள் சிறுவன். பெயர் வேண்டாம், மடத்தில் அவனைத் ‘தம்பி’ என்றுதான் கூப்பிடுகிறார்கள். அவனை வளர்த்தவர் அர்த்தசாமக்காரர். அவருக்கு இப்போது எழுபது வயது. ஒவ்வொரு முறை பொழுதை நீட்டியதும் அவரிடமிருந்து ஏதோ ஒன்று போகிறது. நேற்று தம்பி எப்படி மடத்துக்கு வந்தான் என்பதை அவர் மறந்துவிட்டார். ‘நீ எந்த ஊரப்பா?’ என்று அவனிடமே கேட்டார். இன்று இரவு மறுபடியும் கட்டில் ஒன்று மலையேறி வருகிறது, ஒரு கர்ப்பிணிப் பெண். பெரியவர் உட்கார்ந்துவிட்டார், எண்ணத் தொடங்கிவிட்டார். கிண்ணம் மூழ்கியதும் சொல்ல வேண்டியது தம்பியின் வேலை. கிண்ணம் இன்னும் மூழ்கவில்லை. முன்கூட்டியே ‘மூழ்கிவிட்டது ஐயா’ என்று சொன்னால் பெரியவர் நிறுத்திவிடுவார், அவருக்குக் கொஞ்சம் மிச்சமாகும். மருத்துவச்சி வந்து சேரவில்லை.

இதில் கெட்டவர் யாருமில்லை. விதிகளும் முன்னமே தெரிந்தவை: ஒன்றுக்குப் பத்து, ஒன்பது நாழிகை நினைவு, பொய் சொல்லாத ஒரு கூட்டம். புதிதாக எதையும் கண்டுபிடிக்காமல் இருக்கும் விதிகளிலிருந்தே இந்த இரவு தானாக முளைத்திருக்கிறது. உங்கள் கூட்டத்திலும் இப்படி ஓர் இரவு கிடைக்காவிட்டால், திரும்பிப் போய் விலையைப் பாருங்கள். பெரும்பாலும் கோளாறு அங்கேதான் இருக்கும்.

எழுத உட்காரும்போது

மடத்தின் வரலாற்றோடு தொடங்காதீர்கள். நிறுவியவர் யார், எந்த நூற்றாண்டு, எத்தனை கிளைகள் என்பதையெல்லாம் தனி நோட்டில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள். அதில் பத்தில் ஒரு பங்குகூடக் கதைக்குள் வர வேண்டாம்.

மடத்துக்குப் புதிதாக வந்தவரின் கண் வழியாகத் தொடங்குவது எளிது. அவருக்கும் எதுவும் தெரியாது, வாசகருக்கும் தெரியாது. ஆனால் அவர் கேள்வி கேட்க, பெரியவர் ஒரு பக்கம் விளக்கம் சொல்வதுபோல் எழுதினால் பாடப்புத்தகம் ஆகிவிடும். பெரியவர் வேலை சொல்லட்டும். ‘தண்ணியை மாத்துடா, பாசி பிடிச்சிருக்கு’ என்று சொன்னால் போதும். அவன் மாற்றும்போது பாசி படிந்த வட்டில் மெதுவாக மூழ்கும் என்பது அவனுக்கும் நமக்கும் சேர்ந்தே தெரியவரும்.

பொழுதைச் சொல்லும்போது மடத்துக்குள் ஓர் அளவு, வெளியே ஓர் அளவு என்று வைத்துக்கொள்வது எனக்கு உதவியது. மடத்தில் இருப்பவர்கள் நாழிகை, சாமம், வைகறை என்பார்கள். கீழிருந்து வருகிறவர்கள் மணி, நிமிடம் என்பார்கள். இரண்டையும் ஒரே வாயில் கலக்காதீர்கள். எங்கே யார் மாறிப் பேசுகிறார் என்பதே பிற்பாடு ஒரு துப்பாக அமையலாம்.

முதல் வரைவு முடிந்ததும் ஒரு தாளில் இரண்டு பத்தி இழுத்து, ஒவ்வொரு காட்சிக்கும் மடத்துக்குள் எத்தனை நாழிகை, வெளியே எத்தனை என்று எழுதுங்கள். கூட்டிப் பாருங்கள். இடிக்கும் இடம் கட்டாயம் இருக்கும், எனக்கு ஒவ்வொரு கதையிலும் இருந்திருக்கிறது. அந்த இடத்தை அவசரமாகப் பூசி மறைக்கும் முன், மடத்தில் இருக்கும் யாராவது அதைக் கவனித்திருப்பார்களா என்று கேளுங்கள். இரவெல்லாம் எண்ணுவதையே தொழிலாகக் கொண்டவர்கள் அவர்கள். கவனித்திருந்தால் அவர் என்ன செய்தார் என்பதை எழுதுங்கள். கன்னலாரின் கதையில் எனக்கு அப்படி விடுபட்டுப்போனது இரண்டு நாழிகை. அதை அதிகாலைக்காரர் கவனித்தார். பொறுப்பு மாற்றும்போது தம்பி சொன்ன எண்ணைத் திரும்பச் சொல்லாமல், அவன் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார்.